கொசு சொன்ன முறை

செம்மடை நகராட்சியில் கொசுவுக்குப் பேச்சு வந்தது ஐப்பசி அடைமழை விட்ட மறுநாள் என்று வடக்குத் தெருக்காரர்களும், இல்லை, அதற்கு முன்பே எங்கள் சாக்கடையில் வந்துவிட்டது என்று தெற்குத் தெருக்காரர்களும் இன்றுவரை சண்டை போட்டுக்கொண்டிருக்கிறார்களே தவிர, ஏன் வந்தது என்று கேட்டவர் ஒருவருமில்லை. காலங்காலமாகக் காதோரம் வந்து பாடிக்கொண்டிருந்த பிராணிதானே, இத்தனை நாள் நமக்குப் பாஷை பிடிபடவில்லை, இப்போது பிடிபட்டுவிட்டது என்று ஊர் தனக்குத்தானே சமாதானம் சொல்லிக்கொண்டு பல் விளக்கப் போய்விட்டது.

பாட்டுக்கு ஒரு ஒழுங்கு இருந்தது. ஒருவரைக் கடித்த கொசு அடுத்த ஆளைத் தேடிப் போய், அவர் காதில் உட்கார்ந்து, முன்னவரின் ரத்தத்தில் பரம்பரையாக வந்து கிடப்பதையெல்லாம் குடுகுடுப்பைக்காரன் ராகத்தில் அவிழ்த்துவிடும். "சொட்டைத் தலை தாத்தன் தந்தது, சக்கரை வியாதி ஆத்தா தந்தது, வெட்டிக் கோவம் யார் தந்தது, அது இவனே சம்பாதிச்சது, கேட்டுக்கோ பங்காளி, இவனும் உனக்குப் பங்காளி" என்று பாடிவிட்டு, அதன் பிறகுதான் கடிக்கும். தன் பாட்டைத் தானே கேட்க யாருக்கும் வழியில்லை. ஊர் முழுக்கத் தெரிந்த விஷயம் சம்பந்தப்பட்டவனுக்கு மட்டும் தெரியாமலிருப்பது செம்மடைக்குப் புதிதல்ல என்பதால் இதையும் யாரும் குறையாகச் சொல்லவில்லை.

ஊர் ஒரே வாரத்தில் பழகிக்கொண்டது. பெண் பார்க்க வந்தவர்கள் சொஜ்ஜி சாப்பிட்ட கையோடு மின்விசிறியை நிறுத்தச் சொல்லி, சட்டைக் கையை மடக்கிவிட்டுக்கொண்டு, பெண் பக்கம் பார்த்துக் காத்திருந்தார்கள். இன்சூரன்ஸ் ஏஜென்டுகள் மாலை நேரத்தில் கொல்லைப்புறமாக வந்து நலம் விசாரித்தார்கள். நகராட்சியின் கொசு மருந்துப் புகை வண்டியை உள்ளே விடக் கூடாது என்று சாலையில் படுத்தவர்களே, அடுத்த வாரம் தங்கள் தெருவுக்கு மட்டும் ரகசியமாகப் புகை போடச் சொல்லிக் கவுன்சிலரின் வீட்டுப் பின்கதவைத் தட்டினார்கள். கவுன்சிலர் வீட்டில் நாள் முழுக்கப் புகை மண்டிக் கிடந்ததால் கதவு தட்டியது யாரென்று அவருக்குத் தெரியவில்லை.

இந்தக் கூத்தையெல்லாம் வலையடித்த ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருந்தவர்களில் ஒருவர் அறவாழி. செம்மடைக் கலைக் கல்லூரியின் தத்துவத் துறைத் தலைவர். துறையில் அவரைத் தவிர வேறு ஆளில்லாததால் அந்தப் பதவிக்குப் போட்டியும் இல்லை. கடைசியாகச் சேர்ந்த மாணவன் தாவரவியல் என்று நினைத்து விண்ணப்பித்தவன். உண்மை தெரிந்த அன்றே போய்விட்டான். தத்துவம் படித்த யாருக்கும் அத்தனை சீக்கிரம் உண்மை தெரிந்ததில்லை என்று அறவாழி அவனைப் பற்றிப் பெருமையாகவே சொல்லுவார். அந்தத் துறையின் அறைக்குள், நாற்காலி போதாமல் ஜன்னல் கட்டையில் உட்காரும் அளவுக்கு ஊர்ப் பெரியவர்கள் வந்து நிறைவார்கள் என்று அவர் கனவிலும் நினைத்ததில்லை.

அவர்களை வரவழைத்தது கொசுப் பாட்டின் கடைசி அடிதான்: இவனும் உனக்குப் பங்காளி. வடக்குத் தெருக் கொசு தெற்குத் தெருவில் போய் அதைப் பாடியது, தெற்குத் தெருக் கொசு அக்ரகாரத்தில் பாடியது, வாய்க்காலுக்கு அப்பால் இருந்த காலனியில் கடித்த கொசு நேராக ஊர்ச் சாவடிக்கு வந்து, மீசையை முறுக்கிக்கொண்டிருந்தவர்கள் காதில் வரிசையாகப் பாடியது. விலங்கியல் பேராசிரியர் காஸ்பர், ரத்தத்தில் இருக்கிற மரபணுவைக் கொசு படித்துவிடுகிறது, எல்லா மனிதருக்கும் அது கிட்டத்தட்ட ஒன்றுதான், ஆகவே கொசு சொல்வது சரிதான் என்று பேருந்து நிலையத்தில் வைத்து விளக்கினார். அன்றிலிருந்து அவருக்கு யாரும் டீ வாங்கித் தரவில்லை.

எல்லோரும் ஒன்று என்பதைச் செம்மடை எளிதாகத் தாங்கிக்கொண்டிருக்கும், மேடையில் தாங்காததா? பங்காளி என்பதைத்தான் தாங்க முடியவில்லை. பங்காளிக்குள் பெண் கொடுத்து எடுக்கக் கூடாது. மாமன் மச்சான் முறை என்று ஒன்று இருந்தால்தானே கல்யாணம்? ஊரே பங்காளி என்றால் ஊரே அண்ணன் தங்கச்சி. பத்திரிகை அடித்த கல்யாணங்கள் நின்றன. நடந்து முடிந்த கல்யாணங்களை என்ன செய்வது என்று பஞ்சாயத்துக் கூடியபோது, கூட்டத்திலிருந்து ஒருத்தி, "அதுக்கென்ன, எங்க வீட்டுக்காரரு இதுவரைக்கும் அண்ணன் மாதிரிதான் இருந்தாரு, இனிமேயும் இருந்துட்டுப் போறாரு" என்று சொல்லிவிட்டு எழுந்து போனாள். அதைவிடப் பெரிய இடி காளியம்மன் கோயிலில் விழுந்தது. பங்காளி வீட்டில் சாவு விழுந்தால் கருமாதி முடியும்வரை தீட்டு, கோயில் படி மிதிக்கக் கூடாது. ஊரே பங்காளி என்றால் எந்த வீட்டில் யார் செத்தாலும் ஊருக்கே தீட்டு. செம்மடையில் சாவுக்கா பஞ்சம்? ஒரு தீட்டுக் கழிவதற்குள் அடுத்தவர் மூச்சை விட்டார். பூசாரிக்கே தீட்டு. அம்மன் பூட்டிய கதவுக்குள் விளக்கில்லாமல் உட்கார்ந்திருந்தாள்.

"ஆகவே வாத்தியாரே," என்றார் நெல் மண்டி திரவியம், வடக்குத் தெருச் சங்கத் தலைவர், வடக்குத் தெரு ரத்தம் மட்டும் தனி ரத்தம் என்று கொசு தன் காதில் பாடியதாகச் சாவடியில் சொன்னவர், தத்துவத் துறையின் ஒரே நல்ல நாற்காலியில் சாய்ந்துகொண்டு, "பங்காளிங்கிறது எத்தனையாவது தலைமுறையோட முடியுதுன்னு நீங்க ஒரு கோடு போட்டுக் குடுத்துருங்க. மத்ததை நாங்க பாத்துக்கிறோம்."

வாழ்நாளில் முதல் முறையாக ஒரு மனிதர் அறவாழியிடம் தத்துவம் கேட்கிறார்.

"நெல்லுக் குவியலை எடுத்துக்கோங்க," என்று ஆரம்பித்தார். "அதுலேர்ந்து ஒரு நெல்லை எடுத்தா குவியல் குவியலாத்தான் இருக்கும். இன்னொண்ணு எடுத்தாலும் அப்படித்தான். இப்படி ஒவ்வொண்ணா எடுத்துக்கிட்டே போனா, எந்த நெல்லோட அது குவியல் இல்லாமப் போகுது?"

"எங்க மண்டியிலயா?"

"எந்த மண்டியிலயும்."

"எவன்யா எடுக்கிறது? மொத நெல்லுக்கே கையை ஒடிச்சிருவேன்."

இப்படியாக அறநெறிக் குழு உருவானது. அறவாழி தலைவர், திரவியம் புரவலர், காஸ்பர் ஓரமாக. முதல் அமர்வில் கொசு என்றால் என்ன என்று வரையறுத்தார்கள். இரண்டாம் அமர்வில், கொசு பாடுவது கொசுவின் சொத்தா, கடிபட்டவரின் சொத்தா, அவருக்கு அந்த ரத்தத்தைக் கொடுத்த பாட்டன் முப்பாட்டன்களின் சொத்தா என்று விவாதித்து, செத்தவர்களிடம் சம்மதம் வாங்கும் வழி தெரியாமல் வடை சாப்பிட்டார்கள். மூன்றாம் அமர்வில், கடிபடுபவரின் முன் சம்மதமின்றி எந்தக் கொசுவும் பாடலாகாது என்று தீர்மானம் போட்டு, பெரிய எழுத்தில் பலகை எழுதி வாய்க்கால் கரையில் நட்டார்கள். கொசுக்கள் அதன்மேல் உட்கார்ந்து இளைப்பாறின.

ஆனால் பேச்சு என்றால் அறவாழியின் பேச்சுத்தான் பேச்சு. சாவடிக் கூட்டத்தில் மைக்கைப் பிடித்து, "அறியாமைதான் முதல் அடிமைத்தனம். தன் ரத்தத்தில் எழுதியிருப்பதை அறிவது மனிதனின் பிறப்புரிமை. உண்மையைக் கண்டு நடுங்குகிறவன் மனிதனே அல்ல" என்று அவர் முழங்கியபோது விழுந்த கைதட்டலில் பாதி கொசு அடித்ததுதான் என்றாலும், அவர் வீட்டுக்கு மிதந்துதான் வந்தார்.

வாசல் வலைக் கதவுக்குப் பின்னால் மகள் நன்முல்லை நின்றிருந்தாள்.

"நல்லாப் பேசுனீங்களாமே. நடுங்குறவ மனுசியே இல்லையாமே."

மிதந்து வந்தவர் தரையில் இறங்கினார்.

நடுக்கம் என்ற சொல் அந்த வீட்டில் புழங்குவதில்லை. அறவாழியின் மனைவி மங்கையர்க்கரசிக்கு நாற்பதை நெருங்கும்போது கையிலிருந்து கரண்டி ஆடி விழுந்தது. பிறகு கை ஆடியது, தோள் ஆடியது, கடைசியில் தூங்கும் நேரம் தவிர ஆடாத பாகமே இல்லாமல் ஆடிப் போய்ச் சேர்ந்தாள். அவளுடைய அப்பாவுக்கும் அப்படித்தான். பெற்றவர் ஒருவருக்கு இருந்தால் பிள்ளைக்குப் பாதிக்குப் பாதி, நடுவில் ஒன்றுமில்லை என்று மதுரை டாக்டர் சொன்னார். சோதனை செய்து பார்த்துவிடலாமா என்றும் கேட்டார். நன்முல்லை வேண்டாம் என்று ஒரே சொல்லில் சொல்லிவிட்டு வந்து, ஊர்க் கடைத்தெருவில் பல் ஆஸ்பத்திரி திறந்தாள். நடுங்காத கைக்குத்தான் அங்கே வேலை. பத்து வருஷமோ இருபது வருஷமோ, எத்தனை காலம் இந்தக் கை என்னுடையதோ அத்தனை காலம் அதைச் சந்தேகப்படாமல் வைத்திருக்க விடுங்கள் என்பதுதான் அவள் அப்பாவிடம் கேட்ட ஒரே வரம்.

"நான் பொதுவாச் சொன்னேம்மா."

"கொசு பொதுவாக் கடிக்காதுப்பா. ஒவ்வொரு ஆளாத்தான் கடிக்கும்."

மறுவாரமே அறவாழி மேடையேறி, அறிய உரிமை உண்டு என்றால் அறியாதிருக்கவும் உரிமை உண்டு என்று பேசினார். "போன வாரம் ஒரு பேச்சு, இந்த வாரம் ஒரு பேச்சு. வாத்தியாரைக் கடிச்ச கொசு எதுன்னு கண்டுபிடிங்கப்பா" என்று யாரோ கத்தினார்கள். அவர் பொருட்படுத்தவில்லை. ஆஸ்பத்திரிக்கு இரட்டை வலை அடித்தார். நன்முல்லை முழுக்கைச் சட்டை, தலைக்குத் தொப்பி, வாய்க்கு முகமூடி என்று கண் மட்டும் தெரிய வேலை பார்த்தாள்.

அந்தத் தொப்பிக்கும் முகமூடிக்கும் இடையில், காதுக்குப் பின்னால், ஒரு விரல் அகலத்துக்கு இடமிருந்தது.

நாற்காலியில் திரவியம் படுத்திருந்தார். ஊசி போட்டு வாய் மரத்துப்போய், சொத்தைக் கடைவாய்ப் பல் குறடில் பாதி ஏறியிருந்தது. அவள் இரண்டு கையும் அவர் வாய்க்குள். அப்போது, அவருடனே வலை தாண்டி வந்திருந்த கொசு அவள் காதுக்குப் பின்னால் சுருக்கென்று கடித்தது. விட்டால் வேர் உள்ளே முறிந்துவிடும். அவள் விடவில்லை, கொசு நிதானமாகக் குடித்து முடிக்கும்வரை அவளும் நிதானமாக இழுத்துக்கொண்டிருந்தாள். பல் வந்தது. கொசு வயிறு சிவந்து எழும்பி, திரவியத்தின் இடது காதுமடலில் போய் உட்கார்ந்து, வெகுநேரம் பாடியது. கண்ணாடிக் கதவுக்கு அப்பால் காத்திருந்த அத்தனை பேரும் பார்த்தார்கள்.

திரவியம் வாயில் பஞ்சோடு எழுந்தார். கண்ணில் நீர் நின்றது. யாருக்கும் கும்பிடு போட்டுப் பழக்கமில்லாத மனிதர், நன்முல்லையைப் பார்த்துக் கைகூப்பிவிட்டு வெளியே போனார். "என்னண்ணே பாடுச்சு?" என்று கடைத்தெருவே மொய்த்தது. பேச முடியாமல், கன்னத்தைப் பிடித்துக்கொண்டு, தலையை இடவலமாக ஆட்டினார். மரப்பு விடுகிற வரைக்கும் ஆட்டிக்கொண்டே நடந்தார்.

அவ்வளவுதான். மறுநாளிலிருந்து செம்மடை நல்ல ஊராக மாறிவிட்டது.

பல்லுக்குப் பல் பேரம் பேசியவர்கள் சொன்ன கட்டணத்தை மறுபேச்சில்லாமல் வைத்தார்கள். வலிக்காத பல்லைக் காட்டி வலிக்கிறது என்றார்கள். ஒருத்தி முருங்கைக்காய்க் கட்டோடு வந்தாள், ஒருத்தி அயிரைமீன் குழம்போடு. அக்ரகாரத்து மாமி ஒருவர், சாதம் கொண்டுவந்தால் தப்பாக எடுத்துக்கொள்வாளோ என்று யோசித்து, காலிப் பாத்திரத்தோடு வந்து அழுதுவிட்டுப் போனார். நாற்காலியில் படுத்தவர்கள் அவளுடைய கையைப் பார்ப்பதில்லை என்று சபதம் எடுத்தவர்கள்போல உத்தரத்தையே வெறித்தார்கள். செம்மடையில் அத்தனை பேர் உத்தரத்தைப் பார்த்தது அதற்கு முன் எப்போதும் நடந்ததில்லை. ரகசியம் என்று ஒன்றைக் காப்பாற்றிப் பழக்கமே இல்லாத ஊர், பாவம், புதுச் செருப்புப் போட்டவன்போல அதைத் தூக்கித் தூக்கி வைத்து நடந்தது.

அறவாழிக்கு இது தாங்கவில்லை. ஒரு மத்தியானம் நேராக மண்டிக்குப் போனார்.

"வாங்க வாத்தியாரே," என்று திரவியம் மூட்டைமேலிருந்து எழுந்தார். அவரே எழுந்ததைப் பார்த்ததும் அறவாழி வாசற்படியிலேயே நின்றார்.

"ஒண்ணு சொல்லிட்டுப் போகத்தான் வந்தேன். கொசு பாடுனதை யார்கிட்டயும் சொல்லிராதீங்க. முக்கியமா என்கிட்ட. நான் வந்து கெஞ்சுனாலும் சொல்லாதீங்க. கால்ல விழுந்தாலும் சொல்லாதீங்க."

சொல்லிவிட்டுப் போயிருக்க வேண்டியவர், போகாமல் அங்கேயே நின்றார். காலில் விழுந்துவிடுவார்போலத்தான் இருந்தது. திரவியம் மண்டியில் ஆள் இருக்கிறார்களா என்று சுற்றும் முற்றும் பார்த்தார். பிறகு அவரை மூட்டைகளுக்கு நடுவில் இழுத்துக்கொண்டு போய், வலது காதை அவர் பக்கமாகத் திருப்பினார்.

"வாத்தியாரே, சொல்றதுக்கு என்ன இருக்கு? எனக்கு இடது காது செவிடு."

"என்னது?"

"பாத்தீங்களா, உங்களுக்கும் கேக்கலை. சின்ன வயசுல கோயில் வேட்டு காதோரம் வெடிச்சது. அன்னையிலேர்ந்து அந்தப் பக்கம் ஒண்ணும் ஏறாது. சங்கத் தலைவர் செவிடுன்னு தெரிஞ்சா அந்த நாற்காலியில உக்கார எவன் எவன் காத்திருக்கான் தெரியுமா?"

"அப்ப... அன்னைக்குச் சாவடியில, வடக்குத் தெரு ரத்தம் மட்டும் தனி ரத்தம்னு கொசு பாடுனதா நீங்க சொன்னது?"

"எல்லாரும் ஆளுக்கொண்ணு சொன்னான். நானும் சொன்னேன்."

"கண்ணுல தண்ணி வந்துச்சே? கும்பிட்டீங்களே?"

"பல்லைப் புடுங்குனா தண்ணி வராம பன்னீரா வரும்? வலி போயிருச்சேன்னு கும்பிட்டேன். மகராசி, என்ன கை அது. தலையாட்டுனது மரத்த வாயில பேச்சு வரலைன்னு. அதை இந்தப் பயலுக ஒப்பாரியா ஆக்கிட்டாய்ங்க. இப்பப் போயி இல்லைன்னா நான் செவிடன்னு ஆயிரும். பங்காளியா நெனச்சுக் கேக்கிறேன், காட்டிக்குடுத்துராதீங்க."

அறவாழி சிரித்தாரா அழுதாரா என்பது மூட்டைகளுக்குத்தான் தெரியும். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, தத்துவத் துறைத் தலைவர்கள் பொதுவாக ஓடாத ஓட்டமாக வீட்டுக்கு ஓடினார். இருபத்தைந்து வருஷமாக உண்மை, உண்மை என்று பாடம் நடத்தியவரின் கையில் முதல் முறையாக யாருக்காவது உபயோகமான ஓர் உண்மை கிடைத்திருக்கிறது.

விளக்கு வைக்கிற நேரம். வாசல் வலைக் கதவு விரியத் திறந்து கிடந்தது. ஜன்னல் வலைகளை ஆணியோடு பிடுங்கிச் சுருட்டி மூலையில் வைத்துவிட்டு, நன்முல்லை கை வைக்காத ரவிக்கையும் பழைய சேலையுமாகக் கூடத்து நடுவில் உட்கார்ந்திருந்தாள். கொசுக்கள் விருந்துக்கு வந்தவைபோல அவள் தோளில் வரிசை கட்டிக் காத்திருந்தன.

"என்னம்மா இது?"

"இனிமே எதுக்குப்பா வலை? ஊருக்கே தெரிஞ்சது எனக்குத் தெரியாதா?"

"யாருக்கும் ஒண்ணும் தெரியாதும்மா!"

"நல்ல சேதியா இருந்தா இந்த ஊரு இப்படிக் கம்முனு இருக்குமா? பொறாமையில வயிறு எரிஞ்சு, என் மேல இல்லாததும் பொல்லாததும் சொல்லியிருப்பாய்ங்க. அயிரைமீன் கொழம்பு குடுத்துவிடுறாளுகப்பா. அம்மா சாகுறப்பகூட எவளும் அயிரை குடுத்துவிடலை."

தர்க்கத்தில் பிழையில்லை. தன் வகுப்பில் யாராவது இப்படி வாதிட்டிருந்தால் அறவாழி எழுந்து நின்று கைதட்டியிருப்பார்.

"முல்லை, கேளு. திரவியத்துக்கு இடது காது செவிடு. அவருக்கு ஒண்ணுமே கேக்கலை. இப்பத்தான் சொன்னார்."

அவள் அவரையே பார்த்தாள். கோபப்படவில்லை, அதுதான் மோசமாக இருந்தது. குழந்தை சொல்லும் பொய்யை நம்புவதுபோல் நடிக்கும் அம்மாவின் முகம் அது, மங்கையர்க்கரசியின் முகம்.

"செவிடா?"

"சத்தியமா."

"ஊர்ல உள்ள தீர்ப்பெல்லாம் கேட்டுச் சொல்ற மனுசன் செவிடா? அப்பா, எத்தனை வருசமாப் பாடம் எடுக்கிறீங்க, இதைவிட நல்ல பொய்யா ஒண்ணு தோணலையா?"

உண்மையைச் சொன்னால் அது அன்பைப்போலவே இருக்கும், ஆகவே யாரும் நம்பமாட்டார்கள் என்று அவர் படித்த எந்தப் புத்தகத்திலும் எழுதியிருக்கவில்லை. அவள் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். அவள் தன் கைகளை விளக்கு வெளிச்சத்தில் நீட்டி, விரல்களைப் பிரித்து, ஆடுகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தாள். பல் பிடுங்கும்போதெல்லாம் கல்லாக நின்ற கை, பார்க்கப் பார்க்க லேசாக ஆடுவதுபோலத்தான் தெரிந்தது. எந்தக் கையையும் அப்படிப் பார்த்தால் ஆடத்தான் செய்யும்.

அவள் தோளிலிருந்து ஒரு கொசு, நகர முடியாமல் வயிறு கனத்து, எழும்பியது. கூடத்தை ஒரு சுற்றுச் சுற்றியது. இன்னொரு சுற்று. அறவாழியின் வலது காதுக்கு வந்தது. அவருக்கு இரண்டு காதும் நன்றாகக் கேட்கும். நன்முல்லை கையைக் கீழே போட்டுவிட்டு, கொசுவையும் அவரையும் மாறி மாறிப் பார்த்தாள். இதைக் கேட்டுவிட்டால் போதும் என்றிருந்தது அறவாழிக்கு. பாதிக்குப் பாதி என்பது போய் ஒன்று என்று ஆகிவிடும். நல்லதாக இருந்தால், சிரித்துக்கொண்டு சொல்லலாம். மற்றதாக இருந்தால், திரவியம்போலத் தலையை ஆட்டிக்கொண்டு இன்னும் எத்தனையோ வருஷம் அவளெதிரில் உட்கார்ந்திருக்கலாம்.

குடுகுடுப்பைக்காரன் ராகத்தில் அது ஆரம்பித்தது: "இவளுக்கு..."

பட்டென்று அடித்தார். சொந்தக் காதிலேயே விழுந்த அறையில் கூடம் முழுக்க மணி அடித்தது.

கையை எடுத்துப் பார்த்தார். உள்ளங்கையில் ஒரு சொட்டுச் சிவப்பு. அதில் ஒரு கால் மட்டும் ஒட்டிக்கொண்டிருந்தது.

நன்முல்லை அவர் கையைப் பிடித்து விளக்கருகே இழுத்தாள்.

"ஏம்ப்பா அடிச்சீங்க?"

அவர் கையை மூடிக்கொள்ளப் பார்த்தார்.

"ஏற்கெனவே தெரிஞ்சவரா இருந்தா அடிச்சிருக்க வேண்டியதில்லையே."

அவர் காது இன்னும் ரீங்கரித்தது.

"அப்ப நெசமாவே திரவியம் மாமாவுக்குக் காது கேக்காதா?"

"வேட்டுச் சத்தம்மா. சின்ன வயசுல."

அவளுக்குச் சிரிப்பு வந்தது. முதலில் மூக்கால் வந்தது, பிறகு வாயைப் பொத்தியும் அடங்காமல் வந்தது. அயிரைமீன் குழம்பை நினைத்து ஒரு தரம், காலிப் பாத்திரத்தோடு வந்த மாமியை நினைத்து ஒரு தரம். கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்து, தோளில் காத்திருந்த கொசுக்களை முந்தானையால் வெளியே விசிறிவிட்டு, மூலையில் கிடந்த வலையை எடுத்து உதறினாள். சுத்தியலைத் தேடினாள். ஜன்னல் சட்டத்தில் ஆணியை வைத்து, ஒரே அடியில் இறக்கினாள். ஆணி நேராக இறங்கியது.

அறவாழி கையைத் துடைக்கத் துணியைத் தேடி எழுந்தார்.

"அங்கேயே நில்லுங்க," என்றாள் அவள், வாயில் அடுத்த ஆணியைக் கவ்விக்கொண்டு. "உள்ள போகாதீங்க, சாமி படம் இருக்கு. அது வயித்துல இருந்தது என் ரத்தம். அப்ப அதுவும் நமக்குப் பங்காளிதானே. செத்துப்போச்சு. தீட்டு. போய்க் குளிச்சிட்டு வாங்க."